பாபி ரே இன்மன்: நான்கு நட்சத்திர அட்மிரல் கம்பெனி நடத்தப் போனால்

நெய்தல்காரன் (இழையைத் தொடங்கியவர்)

போன வாரம் வேறொரு இழையில் ஒருவர், "படையிலிருந்து வருகிறவர்களுக்குக் கம்பெனி நடத்தத் தெரியாது, பேருக்கு உட்கார வைக்கிறார்கள்" என்று எழுதியிருந்தார். அங்கேயே பதில் போட்டால் பேச்சு திசை மாறும் என்பதால் தனி இழை. அந்தக் கருத்தை உரசிப் பார்க்க எனக்குத் தெரிந்தவரை பாபி ரே இன்மனை விடத் தோதான ஆள் இல்லை.

தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாக. 1931இல் கிழக்கு டெக்சஸில் ரோன்ஸ்பரோ என்ற குக்கிராமத்தில் பிறந்தவர். அப்பா பெட்ரோல் பங்க் வைத்திருந்தார். 19 வயதில் டெக்சஸ் பல்கலைக்கழகத்தில் வரலாற்றுப் பட்டம். சட்டம் படிக்கப் போய் விட்டுவிட்டார், கொஞ்ச காலம் பள்ளிக்கூட வாத்தியார். கொரியப் போர் நேரத்தில், 1951இல், கடற்படை ரிசர்வில் சேர்ந்தார். அப்புறம் படிப்படியாக உளவுப் பிரிவில் ஏற்றம்: 1974இல் கடற்படை உளவுத் துறையின் இயக்குநர், 1976இல் பாதுகாப்பு உளவு முகமையில் இரண்டாம் இடம், 1977 முதல் 1981 வரை என்.எஸ்.ஏ. (ஒட்டுக்கேட்டு, ரகசியக் குறியீட்டை உடைக்கும் உளவு முகமை) தலைவர், பிறகு சி.ஐ.ஏ.வில் அதன் தலைவர் வில்லியம் கேசிக்கு அடுத்த நாற்காலி. கேசியோடு ஒத்துவரவில்லை. 1982இல் சீருடையைக் கழற்றினார். வயது 51.

நம்மூர்க் கணக்கில் ஓய்வு வயதுகூட ஆகவில்லை. ஆறு மாதம்தான் சும்மா இருந்தார். 1983 ஜனவரியில் எம்.சி.சி. என்ற கூட்டு ஆராய்ச்சி நிறுவனத்தின் முதல் தலைவராக உட்கார்ந்தார். அப்புறம் வெஸ்ட்மார்க் என்ற பாதுகாப்பு மின்னணு நிறுவனம், டல்லஸ் ஃபெடரல் ரிசர்வ் வங்கியின் தலைவர் பதவி, கை விரல்களில் எண்ணி மாளாத அளவுக்கு போர்டு நாற்காலிகள். 1993 டிசம்பரில் கிளின்டன் இவரைப் பாதுகாப்புச் செயலராக அறிவித்தார். ஒரு மாதத்தில் இவரே வேண்டாம் என்று விலகினார்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், அடிக்க வசதியாக இருக்கும். இவர் ஒன்றை ஆரம்பித்து வைப்பதில் மன்னன். நடத்தி லாபம் காட்டுவதில் சுமார். இவரிடம் இருந்த முதல், "இந்த ஆள் சொன்னால் சரியாக இருக்கும்" என்று மற்றவர்கள் வைத்த நம்பிக்கை. ஆரம்பிக்கிற இடத்தில் அந்த முதல் தங்கமாகச் செலாவணியானது. கணக்கு வழக்கு பார்க்கிற இடத்தில் அதே நம்பிக்கை இவரையும் ஏமாற்றியது, இவரை நம்பியவர்களையும் ஏமாற்றியது.

வாருங்கள்.


பழைய ரேடியோ

நல்ல இழை. ஆனால் ஒரு திருத்தம். "அட்மிரல்" என்றதும் எல்லோரும் கப்பல் மேல்தளத்தில் தொலைநோக்கியோடு நிற்கும் ஆளை நினைத்துக்கொள்வார்கள். இன்மன் அந்த ரகம் இல்லை. நான் வேறொரு நாட்டுக் கடற்படையில் செய்தித் தொடர்புப் பிரிவில் 15 வருடம் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தவன். சொல்கிறேன் கேளுங்கள்: கப்பலை ஓட்டுகிற சாதி வேறு, காகிதம் படிக்கிற சாதி வேறு. எந்தக் கடற்படையிலும் முதல் சாதிக்குத்தான் மரியாதை.

இவர் கடற்படை அதிகாரிகளை உருவாக்கும் அன்னாபொலிஸ் அகாடமியில் படித்தவரும் இல்லை. ரிசர்வில் சேர்ந்து, அதிகாரிப் பயிற்சி முடித்து, 1952இல் பட்டை வாங்கியவர். ஒரிஸ்கனி விமானந்தாங்கிக் கப்பலில் இருந்தார், ஸ்டாக்ஹோம் தூதரகத்தில் இருந்தார். ஆனால் உயர்ந்தது முழுக்க உளவு ஆய்வு வழியாக. அந்த வழியில் வந்து நான்காவது நட்சத்திரம் வாங்கிய முதல் ஆள் இவர்தான். இதன் அருமை வெளியே இருக்கிறவர்களுக்குப் புரியாது. சமையல்காரராகச் சேர்ந்தவர் ஹோட்டலுக்கே முதலாளியான மாதிரி.

அதனால் "படைக்காரர் கம்பெனி நடத்துவாரா" என்ற கேள்வியே இவருக்குக் கொஞ்சம் பொருந்தாது. இவர் கட்டளையிட்டுப் பழகியதை விட, சொன்ன பேச்சைக் கேட்க வேண்டிய அவசியமே இல்லாத ஆட்களிடம் பேசிக் காரியம் முடித்துப் பழகியதுதான் அதிகம். செனட்டர்களிடம் இவருக்கு இருந்த பேர் அப்படி.


மாடத்தி

ரேடியோ அண்ணே சொன்னதற்கு என் துறையிலிருந்தே ஒரு சாட்சி இருக்கிறது. இன்மன் வியாபாரத்துக்கு வருவதற்கு முந்தைய கதை, ஆனால் பிந்தைய கதைக்கு இதுதான் சாவி.

1976இல் ஸ்டான்ஃபோர்டில் டிஃபியும் ஹெல்மனும் பொதுச் சாவி மறையாக்கம் (ரகசியச் சாவியை முன்கூட்டிப் பரிமாறாமலே செய்தியைப் பூட்டி அனுப்பும் முறை) பற்றிய ஆய்வுக் கட்டுரையை வெளியிட்டார்கள். இன்றைக்கு நீங்கள் போனில் பணம் அனுப்பும்போது பின்னால் ஓடுவது அந்தப் பரம்பரைதான். அதுவரை ரகசியக் குறியீடு என்பது அரசாங்கத்தின் தனிச் சொத்து. 1977 ஜூலையில் இன்மன் என்.எஸ்.ஏ.வுக்கு வருகிறார். அதே மாதம் அங்கே வேலை பார்க்கும் ஒருவர், தன் சொந்தப் பொறுப்பில், பொறியாளர் சங்கத்துக்குக் கடிதம் போடுகிறார்: இந்தக் கட்டுரைகளை வெளியிடுவது ஆயுத ஏற்றுமதிச் சட்டத்தை மீறுவதாகலாம் என்று. அக்டோபரில் கார்னெலில் மாநாடு. ஸ்டான்ஃபோர்டின் வக்கீல், மாணவர்கள் மேடையில் படிக்க வேண்டாம், வேலை உறுதியுள்ள பேராசிரியரே படிக்கட்டும் என்கிறார். ஹெல்மன் படிக்கிறார். மாணவர்கள் இருவரையும் பக்கத்திலேயே நிற்க வைத்துக்கொண்டு, பேசாமல் நிற்கச் சொல்லி, அவர்கள் கட்டுரையைப் படிக்கிறார்.

1978இல் டேவிடா என்ற பேராசிரியரின் காப்புரிமை விண்ணப்பத்தின் மேல் ரகசிய ஆணை போட்டார்கள். பத்திரிகைகள் கிழித்ததும் இரண்டே மாதத்தில் திரும்பப் பெற்றார்கள். இந்த நேரத்தில் இன்மன் செய்ததுதான் விசேஷம். தன் அலுவலகத்தில் எல்லோரும் வேண்டாம் என்று சொல்லியும், ஹெல்மனை நேரில் போய்ப் பார்த்தார். ஹெல்மனே பிற்பாடு சொன்னது: கை குலுக்கியதும் இன்மனின் முதல் பேச்சு, "உங்கள் தலையில் கொம்பு இல்லை, சந்தோஷம்" என்பது. ஹெல்மனும், "எனக்கும் அதே சந்தோஷம்" என்றாராம்.

அந்தச் சந்திப்பிலிருந்து ஒரு ஏற்பாடு பிறந்தது. சட்டம் கிடையாது, ஆராய்ச்சியாளர்கள் விருப்பப்பட்டால் கட்டுரையை முன்கூட்டியே என்.எஸ்.ஏ.வுக்குக் காட்டலாம். இதை வகுத்த குழுவில் எதிர்த்து நின்றவர் டேவிடா ஒருவர்தான். எனக்கும் அந்த ஏற்பாடு பிடிக்காது. ஆனால் யாரையும் ஜெயிலுக்கு அனுப்பாமல் காரியம் ஆனது.


சும்மா வந்தவன்

கொம்பு மேட்டர் சூப்பர். எங்கள் மேனேஜரை முதன்முதலாகப் பார்த்தபோது நானும் அதைத்தான் தேடினேன். இருந்தது.


ஆஸ்டின்வாசி

இந்த ஊரில் 20 வருடமாக இருக்கிறேன், எம்.சி.சி. பற்றி நான் சொல்லாவிட்டால் யார் சொல்வது.

ஜப்பான் 1982இல் ஐந்தாம் தலைமுறைக் கணினித் திட்டம் என்று ஒன்றைத் தொடங்கியது. அமெரிக்காவில் பெரிய பீதி. கார் போச்சு, டி.வி. போச்சு, இனி கம்ப்யூட்டரும் போய்விடும் என்று. கன்ட்ரோல் டேட்டா நிறுவனத்தின் வில்லியம் நாரிஸ், போட்டிக் கம்பெனிகள் எல்லாம் பணம் போட்டு ஒரே கூரையின் கீழ் ஆராய்ச்சி செய்யலாம் என்று கிளம்பினார். டி.இ.சி., என்.சி.ஆர்., ஹனிவெல், மோட்டரோலா, ஏ.எம்.டி., ஆர்.சி.ஏ. என்று பலர் வந்தார்கள். ஐ.பி.எம். வரவில்லை. ஏகபோகத் தடைச் சட்டம் கழுத்தில் கத்தியாகத் தொங்கியது. போட்டியாளர்கள் கூடிப் பேசினாலே வழக்குப் போடலாம் என்ற காலம். வாஷிங்டனில் மதிப்புள்ள, எந்தக் கம்பெனிக்கும் ஆள் இல்லாத ஒருவர் தலைவராக வேண்டும். இன்மன் கிடைத்தார். 1984 அக்டோபரில் கூட்டு ஆராய்ச்சிச் சட்டம் வந்து அந்தக் கத்தியை மழுக்கியது.

இனி ஊர் கதை. தலைமையகம் எங்கே வைப்பது என்பதை இன்மன் ஒரு போட்டியாக மாற்றினார். 27 மாநிலங்களிலிருந்து 57 நகரங்கள் விண்ணப்பித்தன! மாநில ஆளுநர்கள் வந்து வரிசையில் நின்றார்கள். கடைசிச் சுற்றில் அட்லாண்டா, சான் டியாகோ, ராலே-டர்ஹாம், ஆஸ்டின். டெக்சஸ் ஆளுநர் மார்க் ஒயிட், தொழிலதிபர் ராஸ் பெரோ, பல்கலைக்கழகத்தின் ஜார்ஜ் கோஸ்மெட்ஸ்கி என்று ஒரு படையே வேலை செய்தது. பால்கோனஸ் வளாகத்தில் பல்கலைக்கழகமே கட்டடம் தர முன்வந்தது. 1983 மே மாதம் ஆஸ்டின் என்று அறிவிப்பு.

அதற்கு முன் இது மாநிலத் தலைநகரம், கல்லூரி ஊர், பாட்டுக் கச்சேரி ஊர், அவ்வளவுதான். மறு வருடம் பல்கலைக்கழகத்தில் தலைக்குப் பத்து லட்சம் டாலர் வைப்புள்ள 32 பேராசிரியர் இருக்கைகள் உருவாயின. 1988இல் செமாடெக் சிப் கூட்டமைப்பும் இங்கே வந்தது. மைக்கேல் டெல் 1984இல் விடுதி அறையில் கம்பெனி தொடங்கினார்; பிற்பாடு அவர் போர்டுக்குக் கூப்பிட்ட பெரியவர்களில் கோஸ்மெட்ஸ்கியும் இன்மனும் உண்டு. இன்றைக்கு இந்த ஊரில் வீட்டு வாடகை கொடுத்து நான் அழுவதற்கு முதல் காரணகர்த்தா இவர்தான் என்று வீட்டில் சொல்வேன்.


கணக்குப்பிள்ளை

ஆஸ்டின்வாசி சார், ஊர் வளர்ந்தது சரி. எம்.சி.சி. என்ன ஆனது? பணம் போட்ட கம்பெனிகளுக்கு என்ன கிடைத்தது? அதைச் சொல்லாமல் 57 நகரம் 27 மாநிலம் என்று அடுக்கினால் எப்படி? அவர் நடத்தியது ரியல் எஸ்டேட் கம்பெனி இல்லையே.


நெய்தல்காரன்

கணக்குப்பிள்ளை கேட்டது நியாயம். இந்த இடத்தில்தான் எனக்கும் இவர் மேல் மிகுந்த ஆர்வம்.

திட்டம் என்னவென்றால், உறுப்பினர் கம்பெனிகள் தங்கள் ஆட்களை எம்.சி.சி.க்கு அனுப்பும், சில வருடம் கழித்து அவர்கள் கற்றதை மண்டையில் ஏற்றிக்கொண்டு தாய்க் கம்பெனிக்குத் திரும்புவார்கள். தொழில்நுட்பம் கைமாறும். காகிதத்தில் அருமை. நடந்தது வேறு. எந்தக் கம்பெனியாவது தன் முதல் தர ஆளைப் போட்டிக்காரன் உட்காரும் கூரைக்கு அனுப்புமா? யாரைக் கழித்துக்கட்டலாம் என்று பார்த்துக்கொண்டிருந்தார்களோ அவர்களை அனுப்பினார்கள். வந்த பெயர்ப் பட்டியலைப் பார்த்து இன்மன் பெரும்பாலானவர்களை வேண்டாம் என்று திருப்பிவிட்டார். "கம்பெனி அனுப்பினால் எடுத்தே ஆக வேண்டும் என்று எங்கும் எழுதவில்லை" என்ற தோரணை. வெளியிலிருந்து, பல்கலைக்கழகங்களிலிருந்து, நேரடியாக எடுத்தார். ஸ்டான்ஃபோர்டிலிருந்து டக் லெனட் வந்தது அப்படித்தான்.

தரம் ஏறியது. ஆனால் விலை? இந்த ஆட்களுக்குத் திரும்பிப் போகத் தாய்க் கம்பெனி கிடையாது. ஆராய்ச்சி முடிந்தால் அறிக்கை போகும், ஆள் போகமாட்டான். அறிக்கையைப் படித்து எவன் சிப் செய்திருக்கிறான்? ஆக, தரத்துக்காக அவர் எடுத்த சரியான முடிவே, நிறுவனத்தின் மூல நோக்கத்தைப் பலவீனமாக்கியது.

இரண்டாவது. எம்.சி.சி.க்குள் நான்கு பெரிய ஆராய்ச்சித் திட்டங்கள்: சிப்பைப் பொதிந்து இணைப்பது, மென்பொருள், கணினி வழிச் சிப் வடிவமைப்பு, மேம்பட்ட கணினிக் கட்டமைப்பு. எந்தத் திட்டத்துக்குப் பணம் போட்டாயோ அதன் முடிவு மட்டும்தான் உனக்கு. அதனால் ஒரு திட்டத்துக்காரர் அடுத்த திட்டத்தின் விவரத்துக்குள் போகக் கூடாது. "யாருக்குத் தெரிய வேண்டுமோ அவருக்கு மட்டும்" என்ற உளவுத்துறை ஏற்பாடு அப்படியே! ரகசியம் காத்துப் பழகியவருக்கு அது இயல்பாக இருந்திருக்கும். ஆராய்ச்சிக்கு அது விஷம். நான்கு வருடம் முன்பு பேராசிரியர்கள் எதை வெளியிடலாம் என்று பேரம் பேசியவர், இப்போது போட்டிக்காரர்கள் எதைப் பகிரலாம் என்று பேரம் பேசிக்கொண்டிருந்தார். மேஜை மட்டும்தான் மாறியது.

1986 கடைசியில் விலகினார். அடுத்து டெக்சஸ் இன்ஸ்ட்ருமெண்ட்ஸ் நிறுவனத்திலிருந்து கிராண்ட் டவ் வந்தார். 2000இல் மூடுவதென்று முடிவானது. ஜப்பானின் ஐந்தாம் தலைமுறையும் 1992 வாக்கில் சத்தமில்லாமல் முடிந்துபோனது. எந்தப் புலிக்குப் பயந்து வேலி போட்டார்களோ, அந்தப் புலி வரவே இல்லை.


மாடத்தி

லெனட் பேர் வந்ததால் ஒன்று. அவர் அங்கே 1984இல் தொடங்கியது சைக் என்ற திட்டம். கணினிக்குப் பொது அறிவைக் கையால் ஊட்டுவது. "அம்மாவுக்குப் பிள்ளையை விட வயது அதிகம்", "தண்ணீர் ஊற்றினால் நனையும்" என்ற ரகத்தில் வாக்கியம் வாக்கியமாக, விதி விதியாக, வருடக்கணக்கில். எந்தக் கம்பெனியின் காலாண்டுக் கணக்கும் இதற்குப் பணம் தந்திருக்காது. இன்மன் தந்தார்.

அங்கே 1987 முதல் 1994 வரை லெனட்டோடு சேர்ந்து வேலை பார்த்தவர், சென்னை ஐ.ஐ.டி.யில் மெக்கானிக்கல் படித்த ஆர்.வி. குஹா. அவர் பிற்பாடு நெட்ஸ்கேப்பில் ஆர்.எஸ்.எஸ். ஓடையை (இணையத் தளங்களின் புதுப் பதிவுகளைத் திரட்டித் தரும் ஏற்பாடு) உருவாக்கியதில் முக்கியமானவர். கூகிளில் இருந்தபோது, தேடல் முடிவுகளில் சமையல் குறிப்புக்கு நேரமும் நட்சத்திரமும் தனியாகத் தெரிகிறதே, அந்த ஸ்கீமா ஏற்பாட்டைத் தொடங்கிவைத்தவர். கணக்குப்பிள்ளை சார், இது எந்தப் பேரேட்டில் வரும்? போட்ட கம்பெனிகளுக்கு வரவில்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் எங்கோ வந்தது.


கணக்குப்பிள்ளை

மாடத்தி அம்மா, அப்படிப் பார்த்தால் திருவிழாக் கடையில் தொலைத்த காசும் எங்கோ யாருக்கோ வரவுதான்.

சரி, எம்.சி.சி.யை விடுகிறேன். அது லாபத்துக்கு இல்லை. நேரடி வியாபாரத்துக்கு வருவோம். 1987இல் வெஸ்ட்மார்க் மூலம் டிரேகார் என்ற ஆஸ்டின் நிறுவனத்தை வாங்கினார்கள். டிரேகார் ஒன்றும் பெட்டிக்கடை இல்லை. 1955இல் தொடங்கி வளர்ந்து, அமெரிக்காவின் பெரிய 500 கம்பெனிகளின் ஃபார்ச்சூன் 500 பட்டியலில் இடம்பிடித்த முதல் ஆஸ்டின் கம்பெனி. ஏறக்குறைய 70 கோடி டாலர் விலை. பணம் எங்கிருந்து வந்தது? கடன். வாங்கிய கம்பெனியின் தலையிலேயே அந்தக் கடன். எண்பதுகளின் பழக்கம் அது.

ரீகன் காலத்துப் பாதுகாப்புச் செலவு ஏறிக்கொண்டே போகும் என்று போட்ட கணக்கு. 1987 என்பது அந்த ஏற்றத்தின் உச்சி. சோவியத் தளர்ந்தது, பெர்லின் சுவர் விழுந்தது, பட்ஜெட் சுருங்கியது. வட்டி மட்டும் சுருங்கவில்லை. 1989 முடிவில் இன்மன் வெளியேறினார். 1991 தொடக்கத்தில் டிரேகார் திவால் பாதுகாப்பு கேட்டு நீதிமன்றம் போனது.

யோசித்துப் பாருங்கள். சோவியத் யூனியனில் என்ன நடக்கிறது என்று அறிவதையே தொழிலாக 30 வருடம் செய்த மனிதர், சோவியத் அப்படியே நிற்கும் என்ற அனுமானத்தின் மேல் கடன் வாங்கினார். நான் கணக்குத் தணிக்கை ஆள். எனக்கு இது மறக்காது.


பழைய ரேடியோ

கடைசி வரி கொஞ்சம் அநியாயம். 1987இல் சோவியத் விழும் என்று சொன்னவர் யார்? சி.ஐ.ஏ.வே சொல்லவில்லை. தவிரவும் அதே டிரேகார் கடனைச் சீரமைத்து அந்த வருடமே எழுந்து நின்றது. 1998இல் பிரிட்டனின் ஜி.இ.சி. நல்ல விலைக்கு வாங்கியது. சரக்கு நல்ல சரக்குதான், வாங்கிய விதம் தப்பு.


கணக்குப்பிள்ளை

வாங்கிய விதத்துக்குப் பொறுப்பு தலைவர்தானே அண்ணே? அதைத்தான் சொல்கிறேன்.

இன்னொன்றும் இருக்கிறது. பென்சில்வேனியாவில் ஜேம்ஸ் குவெரின் என்பவர் நடத்திய ஐ.எஸ்.சி. ஆயுத நிறுவனம். லண்டன் பங்குச்சந்தையில் பதிவானது, ஆனால் அமெரிக்க ரகசிய ஒப்பந்தங்கள் செய்தது. அதனால் அந்த ரகசியப் பகுதியைக் காவல் காக்கத் தனியாக ஒரு குழு வைத்தார்கள். இன்மன் அதில் உறுப்பினர். குவெரின் இல்லாத ஒப்பந்தங்களை இருப்பதாகக் காட்டியும், தடையை மீறி தென்னாப்பிரிக்காவுக்கு ராணுவத் தொழில்நுட்பம் கடத்தியும் வந்தார். 1987இல் பிரிட்டனின் பெரான்டி நிறுவனம் அந்தப் போலி ஒப்பந்தங்களை நம்பி இதை வாங்கி, கடைசியில் தானே மூழ்கியது. 1992இல் குவெரினுக்கு 15 ஆண்டு தண்டனை. தண்டனைக்கு முன் நீதிபதிக்கு "இவர் நாட்டுப்பற்றுள்ளவர், கருணை காட்டுங்கள்" என்ற வகையில் கடிதம் எழுதியவர்களில் இன்மனும் ஒருவர்.

இவர் திருடினார் என்று நான் சொல்லவில்லை. யாரும் சொல்லவில்லை. ஆனால் காவல் காக்க வைத்த குழுவில் நாட்டின் தலைசிறந்த உளவு மூளை உட்கார்ந்திருந்தது. பக்கத்து அறையில் போலி ரசீது அடித்துக்கொண்டிருந்தார்கள்.


நெய்தல்காரன்

இது என் முதல் பதிவில் சொன்னதற்கே வலு சேர்க்கிறது. உளவு உலகத்தில் ஒருவரை ஒரு முறை அலசி, நம்பிக்கைச் சான்று கொடுத்துவிட்டால் அப்புறம் உள்ளே எல்லோரும் எல்லோரையும் நம்பித்தான் வேலை செய்ய வேண்டும். வியாபாரத்தில் தலைகீழ். நேற்று வரை யோக்கியனாக இருந்தவனின் இன்றைய ரசீதையும் பார்க்க வேண்டும்.

நான் முன்பு வேலை பார்த்த இடம் ஒன்றில் ஓய்வுபெற்ற படை அதிகாரி ஒருவர் நிர்வாகத் தலைவராக வந்தார். தங்கமான மனிதர். காலை ஏழரைக்கு அலுவலகத்தில் இருப்பார். சரக்குக் கிடங்குப் பொறுப்பாளர் அவருக்கு முன்னால் நிமிர்ந்து நின்று, "எல்லாம் சரியாக இருக்கிறது சார்" என்பார். அதை அவர் அறிக்கையாகவே எடுத்துக்கொள்வார், ஏனென்றால் அவர் வந்த உலகத்தில் அப்படிச் சொல்லிவிட்டுச் சரியாக இல்லாமல் இருந்தால் ஆள் தொலைந்தான். இரண்டு வருடம் கழித்து எண்ணிப் பார்த்தபோது கிடங்கில் பாதி டயர் இல்லை.


சும்மா வந்தவன்

டயரா! அதை எப்படிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போனார்கள்?


நெய்தல்காரன்

லாரியில்தான் தம்பி. லாரியும் எங்களுடையது.


ஆஸ்டின்வாசி

1994 ஜனவரி 18 பத்திரிகையாளர் சந்திப்பைப் பற்றி யாரும் எழுதவில்லையே. அது நடந்தது எங்கள் ஊரில்தான்.

முன்கதை: 1993 டிசம்பர் 16, வெள்ளை மாளிகை. பாதுகாப்புச் செயலர் லெஸ் ஆஸ்பினுக்குப் பதில் இன்மன் என்று கிளின்டன் அறிவிக்கிறார். இவர் ஒலிவாங்கிக்கு வந்து, தான் இந்தப் பதவியைத் தேடவில்லை என்றும், தேர்தலில் புஷ்ஷுக்குத்தான் ஓட்டுப் போட்டதாகவும், கிளின்டனோடு வேலை செய்ய முடியும் என்ற மனத்திருப்தி ஏற்பட்ட பிறகே ஒப்புக்கொண்டதாகவும் சொல்கிறார். ஜனாதிபதி பக்கத்தில் நிற்கிறார்! பெண் பார்க்கப் போன இடத்தில் "மாப்பிள்ளை எனக்கு ஓ.கே. என்று முடிவு செய்திருக்கிறேன்" என்று பெண் சொன்ன மாதிரி. (எனக்கு அந்தப் பெண்ணைப் பிடிக்கும், அது வேறு விஷயம்.)

அடுத்து, வீட்டு வேலைக்கு வந்த பெண்மணிக்குச் சமூகப் பாதுகாப்பு வரி கட்டவில்லை என்று தெரிந்தது. நியமன நேரத்தில்தான் 6,000 டாலர் கட்டினார். அதே வருட ஆரம்பத்தில் இதே மாதிரி விவகாரத்தில்தான் ஜோயி பேர்ட் அட்டர்னி ஜெனரல் வாய்ப்பை இழந்திருந்தார். நியூயார்க் டைம்ஸில் பத்தி எழுதும் வில்லியம் சஃபையர் ஐ.எஸ்.சி.யையும் வரியையும் சேர்த்து எழுதினார். இருவருக்கும் பழைய பகை: 1981இல் இஸ்ரேல் இராக்கின் அணு உலையைக் குண்டு போட்டு அழித்த பிறகு, இஸ்ரேலுக்குக் கொடுக்கும் செயற்கைக்கோள் படங்களை இன்மன் கட்டுப்படுத்தினார்.

இத்தனைக்கும் செனட்டில் இவருக்கு எதிர்ப்பே இல்லை. ஒப்புதல் உறுதி என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். இவரோ ஆஸ்டினில் நேரலையில் ஒரு மணி நேரத்துக்கு மேல் பேசினார். சஃபையரும் செனட்டர் பாப் டோலும் தங்களுக்குள் பேரம் பேசித் தன்னைக் குறிவைப்பதாகச் சொன்னார். நவீன மெக்கார்த்தியிசம் (ஆதாரமில்லாமல் பழி சுமத்தி வேட்டையாடுவது) என்றார். இருவரும் மறுத்தார்கள். டோல் குழம்பிப்போனார். நாடே குழம்பிப்போனது. பதவி வில்லியம் பெர்ரிக்குப் போனது.


பழைய ரேடியோ

அதைப் பார்த்தபோது நான் நினைத்தது ஒன்றுதான். 30 வருடம் இவரைப் பற்றி எழுதியவர்கள் எல்லோரும் நல்லதாகவே எழுதினார்கள். உள்ளேயிருந்து செய்தி தருகிறவரைப் பத்திரிகைக்காரர் அப்படித்தான் எழுதுவார். அந்தத் தோலுக்கு வெயில் பட்டுப் பழக்கமில்லை.


நீலக்கால்

புதியவள், இரண்டு நாளாகப் படித்துக்கொண்டிருக்கிறேன். எல்லோரும் 1994இல் நிறுத்திவிட்டீர்கள். எனக்கு முக்கியமாகப் படுவது அதற்குப் பிறகு.

இன்மன் 1985 வாக்கில் ஃப்ளூவர் என்ற கட்டுமான நிறுவனத்தின் போர்டில் சேர்ந்தார். அந்தக் குழுமத்தில்தான் மாஸி நிலக்கரி நிறுவனம் இருந்தது. 2000இல் இரண்டும் பிரிந்தன; இவர் மாஸியில் இயக்குநராக இருந்தார். 2010 ஏப்ரல் 5, மேற்கு வர்ஜினியாவில் அப்பர் பிக் பிராஞ்ச் சுரங்கம் வெடித்தது. 29 பேர் செத்தார்கள். அமெரிக்காவில் 40 வருடத்தில் அவ்வளவு பெரிய சுரங்க விபத்து கிடையாது.

அப்போது மாஸியின் மூத்த சுயேச்சை இயக்குநர் இன்மன். லாபத்துக்காகப் பாதுகாப்பைப் பலிகொடுக்கிற கம்பெனி என்ற குற்றச்சாட்டு பொய் என்று வெளிப்படையாக நின்று பேசினார். தலைமை அதிகாரி டான் பிளாங்கன்ஷிப்புக்கு போர்டின் ஆதரவு உண்டு என்றார். டிசம்பர் கடைசியில் பிளாங்கன்ஷிப் ஓய்வு பெற, இன்மன் தலைவரானார். 2011 ஜூனில் கம்பெனி ஆல்ஃபா என்ற இன்னொரு நிலக்கரி நிறுவனத்துக்குக் கைமாறியது. அந்த டிசம்பரில் அரசு விசாரணை அறிக்கை வந்தது: தவிர்த்திருக்கக்கூடிய விபத்து, சுரங்கத்தின் அபாயங்களை ஒரு புத்தகத்தில் தங்களுக்காகவும், இன்னொரு புத்தகத்தில் அதிகாரிகளுக்காகவும் எழுதிவைத்திருந்தார்கள். 2015இல் பிளாங்கன்ஷிப் பாதுகாப்பு விதிகளை மீறச் சதி செய்த குற்றவாளி என்று தீர்ப்பானார், 2016இல் ஒரு வருடத் தண்டனையோடு சிறை போனார்.

நெய்தல்காரன் டயர் கதை சொன்னார். டயர் போனால் டயர் வாங்கலாம். என் அப்பா சுரங்கத்தில் வேலை பார்த்தவர். சுரங்கத்தில் காற்று எப்படி ஓடுகிறது, கரித்தூளை அடக்கச் சுண்ணாம்புக்கல் பொடி தூவினார்களா இல்லையா என்பதெல்லாம் போர்டு அறைக்குத் தெரியாது என்று சொல்வார்கள். தெரிந்துகொள்ள வேண்டும் என்று கேட்டால் தெரியும். அந்தச் சுரங்கத்தில் பொடி தூவும் வேலைக்கு இருந்ததே சொற்ப ஆட்கள். இதைக் கேட்க என்.எஸ்.ஏ. தலைவராக இருந்திருக்க வேண்டியதில்லை.


நெய்தல்காரன்

நீலக்கால், இதை நான் முதல் பதிவிலேயே எழுதியிருக்க வேண்டும். போர்டு நாற்காலிகள் என்று ஒரே வார்த்தையில் தாண்டிப் போனது என் தப்பு. "சுமார்" என்று எழுதியதையும் திரும்பப் பெறுகிறேன்.


கணக்குப்பிள்ளை

ஆமாம் அம்மா. நானும் டிரேகார் கடனைப் பற்றித்தான் மூச்சுவிடாமல் பேசிக்கொண்டிருந்தேன்.


மாடத்தி

இவர் ஒருவரை வைத்து எல்லா அட்மிரல்களையும் எடை போட வேண்டாம். வில்லியம் ஓவன்ஸைப் பாருங்கள். நீர்மூழ்கிக்காரர், ஆறாவது கப்பல்படைக்குத் தளபதி, 1994 முதல் 1996 வரை கூட்டுப்படைத் தலைமையில் இரண்டாம் இடம். அப்புறம் டெலிடெசிக், வானம் பூராவும் செயற்கைக்கோளை நிரப்பி இணையம் தரும் திட்டம், 2002இல் நின்றுபோனது. 2004 ஏப்ரலில் கனடாவின் தொலைத்தொடர்பு நிறுவனம் நார்டெல் கணக்குத் தில்லுமுல்லில் சிக்கி, தலைமை அதிகாரியை வெளியேற்றிவிட்டு, இவரைக் கூப்பிட்டது. வந்தவர் செய்த பெரிய வேலையே பழைய கணக்குகளைத் திருத்தி எழுதியதுதான். ஒன்றரை வருடத்தில் வேறொருவரிடம் கொடுத்துவிட்டுப் போனார். 2009 ஜனவரியில் நார்டெல் திவால். அதை இவர் தலையில் கட்ட முடியாது.


சும்மா வந்தவன்

ஓவன்ஸுக்குத் தனி இழை போடுங்கள் அக்கா. இங்கே ஒரு சந்தேகம். அமெரிக்கத் தூதரகக் கட்டடங்களுக்கு "இன்மன் கட்டடம்" என்று பேர் உண்டாமே, அதே ஆளா?


பழைய ரேடியோ

அதே ஆள்தான். 1983இல் பெய்ரூட்டில் தூதரகத்தை வாகனக் குண்டு வைத்துத் தகர்த்தார்கள். தூதரகங்களை எப்படிக் காப்பது என்று ஆராய வெளியுறவுச் செயலர் ஜார்ஜ் ஷுல்ட்ஸ் ஒரு குழு போட்டார், தலைவர் இன்மன். எம்.சி.சி. நாற்காலியில் இருந்தபடியே செய்த வேலை. 1985இல் அறிக்கை. தெருவிலிருந்து 100 அடி தள்ளிக் கட்டு, கனமான சுவர் எழுப்பு, சன்னலைச் சிறிதாக்கு. பார்க்க ஜெயில் மாதிரி இருக்கிறது என்று கட்டடக்கலைக்காரர்கள் இன்றுவரை திட்டுகிறார்கள். பணம் போதாமல் பல ஊர்களில் கட்டவில்லை. 1998இல் நைரோபியில் தூதரகம் தெருவோரத்திலேயே நின்றது. அங்கேயும் வாகனக் குண்டு வெடித்தது, என்ன ஆனது என்று தெரியும்தானே.


மாடத்தி

ஹெல்மன் பற்றித் தனிச்செய்தியில் இரண்டு பேர் கேட்டிருந்தார்கள், இங்கேயே சொல்லிவிடுகிறேன். அவரும் இன்மனும் பிற்பாடு நண்பர்களானார்கள். 2015ஆம் ஆண்டுக்கான, கணினித் துறையின் உயரிய விருதான டூரிங் விருது டிஃபிக்கும் ஹெல்மனுக்கும் கிடைத்தது. அதற்கு முன்பே ஒரு பல்கலைக்கழகப் பத்திரிகை இன்மனிடம், அன்றைக்கு இருந்த இடத்தில் இன்றைக்கு இருந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டது. இந்த மறையாக்கம் என்.எஸ்.ஏ.வின் ஒட்டுக்கேட்பைக் கெடுக்குமா என்று கவலைப்பட்டிருக்க மாட்டேன், கம்பெனிகளின் ரகசியங்களைக் காக்க இதை எவ்வளவு சீக்கிரம் அவர்கள் கையில் கொடுக்கலாம் என்றுதான் பார்த்திருப்பேன் என்ற பொருளில் பதில் சொன்னார். அதற்குள் அவருக்கு 80 வயது தாண்டியிருந்தது.


நீலக்கால்

அந்தக் கேள்வியை மாஸி பற்றியும் யாராவது கேட்டார்களா?